உஷா செய்தது துரோகமா?

(எடப்பாடியில் நடைபெற்ற தொலைக்காட்சிப் பட்டிமன்றம். தலைப்பு: ‘வாழ்வில் விஞ்சி நிற்க வேண்டியது உறவுக்கு விசுவாசமா? உண்மைக்கு விசுவாசமா?’ ‘உண்மைக்கே’ என்ற அணியில் நிறைவாகப் பேசிய பேராசிரியரின் உரை.)



இந்த ஊருக்கு வந்து விசுவாசத்தைப் பற்றிப் பேசறதுக்கே ஒரு துணிச்சல் வேணுங்க. தைப்பூசம் வந்தால் இங்கேயிருந்து காவடி தூக்கிக்கிட்டு பழனிக்கு நடந்தே போறீங்க. ஊர் ஊராகத் தங்கி, அங்கே போய் உங்க கையாலேயே பஞ்சாமிர்தம் பண்ணி, மலை மேலே ஒரு ராத்திரி தங்குற உரிமையும் எடப்பாடிக் காவடிக்கு உண்டு. தலைமுறை தலைமுறையாக நடக்குது. பாட்டன் நடந்தான், அப்பன் நடந்தான், பேரன் நடக்கிறான். கால் கொப்புளத்தை யாரும் கணக்குப் பார்க்கலை. விசுவாசம்னா என்னன்னு உங்களுக்கு நான் பாடம் நடத்தினா, அது திருநெல்வேலிக்கே அல்வா கொண்டுபோன கதை. (கைதட்டல்)

அதனாலே பாடம் நடத்தப் போறதில்லை. ஒரு வழக்கைச் சொல்றேன். தீர்ப்பு உங்க கையிலே.

எதிரணியில் பேசிய அம்மா ஆவேசமாகக் கேட்டாங்க. “கல்லானாலும் கணவன், புல்லானாலும் புருஷன் என்று சொன்ன மண் இது. கட்டியவனைக் காட்டிக்கொடுக்கிறவள் பெண்ணா?” அப்படின்னாங்க. பெரிய கைதட்டல். நான் இங்கே உட்கார்ந்து கவனிச்சேன் நடுவர் அவர்களே, கைதட்டினது பூரா ஆம்பளைங்க. (சிரிப்பு, கைதட்டல்) பெண்கள் பக்கத்திலே ஒரே அமைதி. அந்த அமைதிக்கு என்ன அர்த்தம்னு யோசிச்சுக்கிட்டே இருந்தப்போதான் எனக்கு உஷா ஞாபகம் வந்தாள்.

உஷா யாரு? 1954-லே ஏவி.எம். எடுத்த ‘அந்த நாள்’ படத்தின் நாயகி. பண்டரிபாய் நடிச்சாங்க. கதாநாயகன்னு சொல்றதா, வில்லன்னு சொல்றதா தெரியலை, நம்ம சிவாஜி கணேசன். 1952-லே ‘பராசக்தி’யிலே ஜோடியாக நடிச்ச அதே ரெண்டு பேர். ரெண்டே வருஷத்திலே அந்த மனுஷர் தேசத்துரோகி வேஷம் போட ஒத்துக்கிட்டார் பாருங்க! வளர்ந்து வருகிற நேரத்திலே, படம் ஆரம்பிக்கும்போதே செத்துக் கிடக்கிற வேஷம். இப்போ எந்த நடிகரிடம் போய் “சார், முதல் காட்சியிலேயே உங்களைச் சுட்டுடறோம்”னு சொல்ல முடியும்? (சிரிப்பு)

அந்தப் படத்திலே பாட்டே கிடையாது. ஒரு பாட்டு கூட இல்லை. படத்துக்குப் பத்துப் பாட்டு, பன்னிரண்டு பாட்டுன்னு போட்டுத் தள்ளின காலத்திலே! இதைவிட வேடிக்கை, இயக்கினவர் யார் தெரியுமா? எஸ்.பாலசந்தர். வீணை எஸ்.பாலசந்தர்! சங்கீத வித்வான் படத்திலே சங்கீதக் கச்சேரி இல்லை. வசனம் ஜாவர் சீதாராமன். துப்பறியும் அதிகாரியாக வந்து கேள்வி மேலே கேள்வி கேட்கிறவரும் அவரே. வந்தப்போ ஜனங்க கொண்டாடித் தீர்க்கலை. ஆனால் தேசிய விருதிலே தகுதிச் சான்றிதழ் கிடைச்சது. இத்தனை வருஷம் கழிச்சு எடப்பாடி மேடையிலே ஒரு வாத்தியார் எடுத்துப் பேசறான்னா, அந்தப் படம் செத்துப் போகலைன்னுதானே அர்த்தம்?

பாலசந்தருக்கு இந்த யோசனை எங்கேயிருந்து வந்தது? ஜப்பானிலிருந்து. அகிரா குரோசவா எடுத்த ‘ராஷோமான்’. 1950-லே வந்து, 1951-லே வெனிஸ் விழாவிலே தங்கச் சிங்கம் வாங்கின படம். காட்டிலே ஒரு சாமுராய் செத்துக் கிடக்கிறான். கொள்ளைக்காரன் ஒரு கதை சொல்றான். செத்தவன் மனைவி ஒரு கதை. செத்தவனே ஆவியா வந்து ஒரு கதை. விறகுவெட்டி ஒரு கதை. எது நிஜம்? குரோசவா சொல்லவே இல்லை. தீர்ப்பே இல்லாமல் படத்தை முடிச்சுட்டார். நம்ம ஊரிலே நடுவர் அப்படிப் பண்ணினால் மைக்கைப் பிடுங்கிடுவாங்க. (சிரிப்பு)

நம்ம படத்திலேயும் அதே மாதிரி. சென்னையிலே ஒரு வீடு. ராஜன் என்கிற ரேடியோ என்ஜினியர் சுடப்பட்டுக் கிடக்கிறான். அதிகாரி வந்து ஒவ்வொருத்தரையா விசாரிக்கிறார். பக்கத்து வீட்டுக்காரர், ராஜனோட தம்பி, தம்பி மனைவி, ராஜன் ரகசியமாகத் தொடர்பு வைத்திருந்த நடனக்காரி, கட்டின மனைவி உஷா. ஆளாளுக்கு இன்னொருத்தரைக் கைகாட்டறாங்க. தம்பி பட்டாபி யாரைச் சந்தேகப்படறான்? தன் சொந்தப் பொண்டாட்டியை! எதிரணி நண்பர்களே, உறவு, உறவுன்னு உருகினீங்களே. போலீஸ் வந்து ஒரே ஒரு கேள்வி கேட்டதும் உறவு என்ன ஆச்சு பார்த்தீங்களா? (கைதட்டல்) நம்ம வீட்டிலே சீப்பு காணோம்னாலே “உங்க தங்கச்சி வந்துட்டுப் போனாளே”ங்கிறோம். கொலைன்னா கேட்கணுமா?

சரி, கொன்னது யாரு? உஷா. கட்டின மனைவி. ஏன்?

அதுக்குப் பின்னாலே ஒரு சரித்திரம் இருக்கு. இளைஞர்களுக்காகச் சொல்றேன். இரண்டாம் உலகப் போர். 1942 ஏப்ரலிலே ஜப்பான்காரன் வர்றான்னு சேதி பரவி, சென்னைப் பட்டணமே காலியாச்சு. பெட்டி படுக்கையோட ஜனங்க ரயிலேறி வெளியூருக்கு ஓடினாங்க. வீட்டைப் பாதி விலைக்கு வித்துட்டு ஓடினவங்க கதையெல்லாம் பெரியவங்க சொல்லக் கேட்டிருப்பீங்க. 1943 அக்டோபர் 11-லே நிஜமாகவே ஒரு ஜப்பான் விமானம் வந்து துறைமுகப் பக்கம் குண்டு போட்டுட்டுப் போச்சு. அந்த நாளை வைத்துத்தான் ‘அந்த நாள்’. ராஜன் யாருன்னா, அந்த ஜப்பானுக்கு ரகசியம் கொடுக்கிற ஒற்றன். ஜப்பான் படத்தைப் பார்த்துக் கதை பண்ணி, அதிலேயே ஜப்பானுக்கு உளவு சொன்னவனைக் குற்றவாளியாக்கி வச்சிருக்காங்க. இது ஒரு சுவாரசியம்.

எதிரணித் தலைவர் வக்கீல் புத்தி உள்ளவர். அவர் எழுந்து என்ன கேட்பார்னு எனக்குத் தெரியும். “ஐயா, 1943-லே ஆண்டது வெள்ளைக்காரன். வெள்ளைக்காரனுக்கு எதிரா ஜப்பானோட சேர்ந்தால் அது எப்படித் துரோகம்? நேதாஜி சேரலையா?” ஞாயமான கேள்வி. இதை நான் தாண்டிப் போக மாட்டேன்.

அந்தக் குண்டு விழுந்து சரியாகப் பத்தாவது நாள், 1943 அக்டோபர் 21, சிங்கப்பூரிலே நேதாஜி சுதந்திர இந்திய அரசை அறிவிக்கிறார். மலேயாவிலே ரப்பர் பால் வெட்டின நம்ம தமிழன், சஞ்சிக்கூலியாகப் போனவனோட பிள்ளை, ஆயிரக்கணக்கிலே அந்தப் படையிலே சேர்ந்தான். பெண்கள் தாலியையும் நகையையும் கழற்றிக் கொடுத்தாங்க. அவங்களை ஒரு வார்த்தை குறைச்சுச் சொல்ல என் நாக்கு எழும்பாது. (கைதட்டல்) ஆனால் அவங்க செஞ்சது பகலிலே. கொடி பிடிச்சு, சீருடை போட்டு, பேரைச் சொல்லி, “நான் வர்றேன்”னு சொல்லி வந்தாங்க. தோத்தப்போ செங்கோட்டையிலே விசாரணைக் கூண்டிலே நின்னு “ஆமாம், செஞ்சோம்”னாங்க.

ராஜன் செஞ்சது ராத்திரியிலே. ஒரே கட்டிலிலே படுக்கிற மனைவிக்குத் தெரியாமல் செஞ்சான். குண்டு யார் தலையிலே விழும்? லண்டனிலே இருக்கிற மந்திரி தலையிலேயா? சென்னைத் துறைமுகத்திலே மூட்டை தூக்கற கூலிக்காரன் தலையிலே. ராஜனுக்கு விடுதலை மேலே ஆசை இல்லை நடுவர் அவர்களே. “என் அறிவுக்கு இந்த ஊரிலே மதிப்பில்லை, என் ஆராய்ச்சியை யாரும் சீந்தலை”ங்கிற கசப்பு. அந்தக் கசப்பை ஊர் மேலே கொட்டினான்.

இங்கே ஒரு நிமிஷம் நிறுத்தறேன். அந்தக் கசப்பு பொய்யில்லை. படத்தைப் பாருங்க, சிவாஜி பேசும்போது உங்களுக்கே மனசு இரங்கும். படிச்ச பிள்ளை, கெட்டிக்காரப் பிள்ளை, கதவு கதவா தட்டிட்டு வெறுங்கையோட வந்த பிள்ளை. அவனை உதாசீனம் பண்ணினவங்களும் குற்றவாளிதான். அது படத்தோட நேர்மை. எதிரணிக்கு இந்த ஒரு புள்ளியை நானே விட்டுக்கொடுக்கிறேன். எழுதிக்கோங்க. (சிரிப்பு)

ஆனால் உஷா? அவளும் படிச்சவள். நாட்டுப்பற்று உள்ளவள். காதலிச்சுக் கல்யாணம் பண்ணிக்கிட்டவள். புருஷன் யாருன்னு தெரிஞ்சதும் அவள் என்ன பண்ணினாள்? உடனே போலீஸுக்கு ஓடினாளா? இல்லை. முதலிலே அவனிடம் பேசினாள். கெஞ்சினாள். வாதாடினாள். அவன் மசியலை. அதுக்கப்புறம்தான் அவள் கையிலே துப்பாக்கி வந்தது. சுடணும்னு நினைக்கிற கையும் அவளுதுதான், சுட முடியாமல் நடுங்கற கையும் அவளுதுதான். அந்த நடுக்கத்திலே வெடிச்சது. தாலி கட்டின புருஷன் செத்துப் போனான். கடைசியிலே நடந்ததை அவளேதான் சொல்றாள்.

இதைத்தான் எதிரணி அம்மா ‘காட்டிக்கொடுத்தல்’ங்கிறாங்க.

அம்மா கும்பகர்ணனைக் கூப்பிட்டாங்க. செஞ்சோற்றுக் கடன் தீர்த்தான்னாங்க. ரொம்பச் சரி. ஆனால் கும்பகர்ணன் கதையிலே முன்பாதியை விட்டுட்டு பின்பாதியை மட்டும் சொல்றாங்களே, அது எனக்குத் தாங்கலை. கம்பன்கிட்டே போய்க் கேளுங்க. தூக்கத்திலேருந்து எழுப்பி அழைச்சுட்டு வந்ததும் கும்பகர்ணன் முதல் காரியமாக என்ன பண்றான்? அண்ணன் முகத்துக்கு நேரே, “நீ பண்ணினது தப்பு, சீதையை விட்டுடு”ங்கறான். ராவண சபையிலே அதைச் சொல்றதுக்கு எத்தனை நெஞ்சுரம் வேணும்! சொல்லிட்டுத்தான் போருக்குப் போனான். இன்னிக்கு நம்ம ஊரிலே செஞ்சோற்றுக் கடன் பேசறவங்க சோத்தையும் கடனையும் பிடிச்சுக்கிட்டு, அந்த முதல் பேச்சை மட்டும் முழுங்கிடறாங்க. (பலத்த கைதட்டல்)

அடுத்து கண்ணகி. கண்ணகியைத் தொடாமல் பட்டிமன்றம் முடிஞ்சால் நடுவர் சம்பளம் தரமாட்டார். (சிரிப்பு) “கண்ணகி புருஷனை விட்டுக்கொடுத்தாளா?”ன்னு கேட்டாங்க. விட்டுக்கொடுக்கலை. ஆனால் எப்படி விட்டுக்கொடுக்காமல் நின்னாள்? “என் புருஷன், அதனாலே நல்லவன்”னு சொன்னாளா? இல்லை. சபை நடுவிலே சிலம்பை உடைச்சாள். பாண்டிமாதேவி சிலம்பிலே முத்து. இவள் சிலம்பிலே மாணிக்கம். தெறிச்சு விழுந்தது மாணிக்கம். நான் நாற்பது வருஷமாகச் சிலப்பதிகாரம் நடத்தறேன். எனக்கு அந்த இடத்திலே ஒரு விபரீத எண்ணம் வரும். அந்தச் சிலம்பிலேருந்து முத்து தெறிச்சிருந்தால்? அவள் உடைக்கத் தயாராக இருந்தாளே, அதிலேதான் இருக்கு அவள் பெருமை. சோதனைக்குப் பயந்து சிலம்பை முந்தானையிலே மறைச்சு வச்சுக்கிட்டு “என் புருஷன், என் புருஷன்”னு அழுதிருந்தால் மதுரை எரிஞ்சிருக்காது, காப்பியமும் பிறந்திருக்காது.

இப்போ உங்க சேலம் ஜில்லாவுக்கே வர்றேன். ஏற்காடு சாலையிலே மாடர்ன் தியேட்டர்ஸ். டி.ஆர்.சுந்தரம் கட்டியாண்ட கோட்டை. சென்னைக்குப் போகாமலேயே நூறு படத்துக்கு மேலே எடுத்தாங்க. இன்னிக்கு அந்த நுழைவு வளைவுதான் மிச்சம், வண்டியிலே போறப்போ பார்த்திருப்பீங்க. 1950-லே அங்கேயிருந்து வந்ததுதான் ‘மந்திரி குமாரி’. கலைஞர் வசனம், எம்.ஜி.ஆர். நாயகன். அதிலேயும் ஒரு மனைவி. அமுதவல்லி. மாதுரிதேவி நடிச்சாங்க. புருஷன் ராஜகுருவோட மகன், ஆனால் ராத்திரியிலே கொள்ளைக்காரன். மலை உச்சிக்கு அவளைக் கூட்டிக்கிட்டுப் போறான், தள்ளிவிட. அவள் முந்திக்கிட்டாள். தள்ளினாள்.

இது அவங்க புதுசாகக் கண்டுபிடிச்சதில்லை. ஐம்பெருங்காப்பியத்திலே ஒன்றான குண்டலகேசி. நூல் முழுசாகக் கிடைக்கலை, சில பாட்டுகள்தான் மிஞ்சியிருக்கு. கதை தெரியும். கள்வனைக் காதலிச்சுக் கைப்பிடிச்சாள். ஊடலிலே ஒரு வார்த்தை, “நீ கள்வன்தானே”ன்னு விளையாட்டாகச் சொல்லிட்டாள். அது அவன் நெஞ்சிலே முள்ளாக் குத்திடுச்சு. கொல்ல மலைக்கு அழைச்சுப் போனான். “சாகறதுக்கு முன்னாலே உங்களை வலம் வந்து கும்பிட்டுக்கறேன்”னாள். வலம் வர்ற சாக்கிலே பின்னாலேருந்து தள்ளிட்டாள். பிறகு துறவியானாள்.

கல்லானாலும் கணவன்னு சொன்ன இதே மண்ணுதான் அம்மா, அந்தக் கல்லை மலையிலேருந்து உருட்டி விட்டவளுக்கும் காப்பியம் பாடி வச்சது! (நீண்ட கைதட்டல்)

ஆனால் ஒரு வித்தியாசம் இருக்கு, அதை நான் மறைக்கக்கூடாது. குண்டலகேசி தன் உயிரைக் காப்பாத்திக்கத் தள்ளினாள். அமுதவல்லியும் அப்படித்தான். யார் கேட்டாலும் “தற்காப்பு”ன்னு விட்டுடுவாங்க. உஷா உயிருக்கு ராஜனாலே ஆபத்தில்லை. வாயை மூடிக்கிட்டு இருந்திருந்தால் சுகமாக இருந்திருப்பாள். முகம் தெரியாத யாருக்காகவோ அவள் தன் வீட்டைக் கொளுத்திக்கிட்டாள். அதனாலேதான் அவள் வழக்கு கஷ்டமான வழக்கு. அதனாலேதான் அவள் எனக்கு உசத்தி.

இது சினிமாவிலே மட்டுமா நடக்குது? பல வருஷத்துக்கு முன்னாலே மாலைக் கல்லூரியிலே எனக்கு ஒரு மாணவி. கல்யாணமானவள், ரெண்டு குழந்தை. ஒரு நாள் சிலப்பதிகார வகுப்பு முடிஞ்சதும் வந்தாள். “ஐயா, ஒருத்தர் ஒரே வரவு செலவுக்கு ரெண்டு நோட்டு எழுதினால் என்ன ஐயா அர்த்தம்?”னு கேட்டாள். புருஷன் ஒரு சீட்டுக் கம்பெனியிலே கணக்கு எழுதறவர். நான் என்ன சொல்ல? “அவர்கிட்டேயே கேளும்மா”ன்னேன். கேட்டிருக்கிறாள். அடி விழலை. பேச்சு நின்னுபோச்சு. சீட்டுக் கட்டினவங்க யாரு? பூக்காரி, தறி ஓட்டறவர், இட்லிக் கடைக்காரம்மா. இவள் தெருவிலேயே இருந்த நாலு பேரைக் கூப்பிட்டு, “பணத்தை எடுத்துடுங்க”ன்னு சொல்லிட்டாள். மூணு மாசத்திலே கம்பெனி கதவை மூடிடுச்சு. அந்த நாலு வீடு பிழைச்சது. அவள் வீட்டிலே? இன்னிக்கும் அவர் சோறு போடும்போது தட்டைப் பார்க்கிறாராம், அவள் முகத்தைப் பார்க்கறதில்லையாம். அவள் செஞ்சது சரின்னு எந்த மேடையிலேயும் சொல்வேன். அந்தத் தட்டுச் சத்தத்துக்கு மட்டும் என்கிட்டே பதில் கிடையாது.

(அமைதி)

எதிரணியிலே ஒரு தம்பி சொன்னார், “குடும்பம்னா விட்டுக்கொடுத்துப் போகணும், குத்தம் பார்க்கக்கூடாது.” தம்பி, இந்த ஊரிலே வந்து இதைச் சொல்லலாமா? இங்கே தறி ஓட்டறவங்களைக் கேளுங்க. பாவு நூலிலே ஒரே ஒரு இழை அறுந்துபோச்சுன்னா என்ன பண்ணுவீங்க? (கூட்டத்திலிருந்து: “தறியை நிறுத்துவோம்!”) ஆங்! நிறுத்துவீங்க. அறுந்த இழையைத் தேடி எடுத்து முடிச்சுப் போட்டுட்டு அப்புறம்தான் ஓட்டுவீங்க. “பரவாயில்லை, ஓடட்டும்”னு விட்டால்? துணி நெடுகக் கோடு விழும். வாங்கறவன் வெளிச்சத்திலே பிடிச்சுப் பார்த்து மூஞ்சியிலே விட்டெறிவான். தறியை நிறுத்தறவன் தறிக்குத் துரோகியா? (பலத்த கைதட்டல்)

நடுவர் மணியிலே கை வைக்கிறார். இன்னும் ஒரே ஒரு விஷயம்.

விசுவாசம் வேண்டாம்னு எங்க அணி சொல்லவே இல்லை. பட்டாபிக்கும் உஷாவுக்கும் என்ன வித்தியாசம்னு யோசிச்சுப் பாருங்க. பட்டாபியும் சொந்தத்தைக் கைகாட்டினான், உஷாவும் புருஷனோட குத்தத்தை வெளியே சொன்னாள். ஆனால் அவன் கைகாட்டினது தன் கழுத்தைக் காப்பாத்திக்க. அவள் சொன்னது தன் கழுத்தையும் சேர்த்துக் கொடுத்துட்டு. அவனுக்கு அதிலே லாபம். இவளுக்கு எல்லாமே நஷ்டம். ஒருத்தர் உறவுக்கு எதிராகப் பேசினால், “இதிலே உனக்கு என்ன மிச்சம்?”னு கேளுங்க. அந்தப் பதிலிலே துரோகம் யாருதுன்னு தெரிஞ்சுபோகும்.

(மணி ஒலிக்கிறது)

மணி அடிச்சாச்சு. இதுக்கு மேலே பேசினால் நேரத்துக்குத் துரோகம்னு எதிரணி அதையும் ஒரு பாயிண்டாகக் குறிச்சுக்கும். (சிரிப்பு) குரோசவா மாதிரி தீர்ப்பைச் சொல்லாமல் எங்களை வீட்டுக்கு அனுப்பிடாதீங்க நடுவர் அவர்களே. எடப்பாடிக்காரங்க விடியவிடியக் கூட உட்கார்ந்திருப்பாங்க, மலை மேலேயே ராத்தங்கிப் பழகினவங்க.

(நீண்ட கைதட்டல்)